அடித்தது நிரூபணம், சாதி சொல்லித் திட்டியது நிரூபணமில்லை: இந்தத் தீர்ப்பை எதிர்த்து மேல்முறையீடு செய்தால் நிற்குமா?

நீங்கள் எழுதியதைச் சுருக்கிக்கொள்கிறேன். 2019-இல் வரப்புத் தகராறு ஒன்றில் பக்கத்து நிலத்துக்காரர் உங்கள் அப்பாவைச் சாதிப் பெயர் சொல்லித் திட்டி, கன்னத்தில் அறைந்து, கீழே தள்ளிவிட்டார். போன மாதம் சிறப்பு நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. அடித்தது உண்மை என்று இந்திய தண்டனைச் சட்டம் 323-இன் கீழ் ஆயிரம் ரூபாய் அபராதம், வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தின் 3(1)(ஆர்), 3(1)(எஸ்), 3(2)(வி.ஏ) ஆகிய மூன்றிலிருந்தும் விடுதலை. அந்த ஆயிரத்தையும் எதிர்த்து அவர் உயர் நீதிமன்றத்துக்குப் போயிருக்கிறார். "நாங்களும் அப்பீல் போகலாமா" என்று கேட்கிறீர்கள். கூடவே கடைசி வரியில் "போனால் பி.சி.ஆர். திரும்ப வருமா" என்றும் கேட்டிருக்கிறீர்கள். வன்கொடுமைத் தடுப்புச் சட்டப் பிரிவுகளைத்தான் பி.சி.ஆர். என்கிறீர்கள். நீங்கள் தெரிந்துகொள்ள நினைப்பது அந்தக் கடைசி வரியைத்தான் என்று நினைக்கிறேன். போகலாமா என்றால், தாராளமாகப் போகலாம். திரும்ப வருமா என்பதற்குத்தான் கொஞ்சம் நீளமாகப் பேச வேண்டும்.

நான் மதுரைக் கிளையில் குற்றவியல் மேல்முறையீடுகள் நடத்துகிறவன். இந்த வகை வழக்குகளில் இரண்டு பக்கமும் நின்றிருக்கிறேன். உங்கள் தீர்ப்பையோ சாட்சிகளின் வாக்குமூலத்தையோ நான் பார்க்கவில்லை. அவற்றைப் படிக்காமல் ஜெயிக்கும், தோற்கும் என்று சொல்கிற வழக்கறிஞரை நம்பாதீர்கள், என்னையும் சேர்த்து. எதைத் தேடிப் படிக்க வேண்டும் என்று சொல்ல முடியும்.

முதலில் வழி. பட்டியல் சாதியினர், பழங்குடியினர் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் 1989-ஆம் வருடத்தது. 2016 ஜனவரி 26 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தத்தில் 14ஏ என்ற பிரிவைச் சேர்த்தார்கள். சிறப்பு நீதிமன்றத்தின் தீர்ப்பு, தண்டனை, இடைக்கால உத்தரவு அல்லாத மற்ற உத்தரவுகள் எல்லாவற்றுக்கும் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு உண்டு என்கிறது அது. சட்டக் கேள்வி மட்டுமல்ல, நடந்த சம்பவம் பற்றிய முடிவையும் அங்கே எதிர்க்கலாம். இது தவிர, விடுதலையை எதிர்த்துப் பாதிக்கப்பட்டவரே மேல்முறையீடு செய்யும் உரிமை 2009 கடைசியிலிருந்து குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 372-இல் இருந்தது. இப்போது புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் அது 413-ஆம் பிரிவு. அரசு போனால்தான் நாம் போக முடியும் என்று யாராவது சொன்னால் கேட்காதீர்கள். பாதிக்கப்பட்டவர் முன்கூட்டியே தனி அனுமதி வாங்கவும் தேவையில்லை என்று 2018 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

காலக்கெடு தீர்ப்பு நாளிலிருந்து 90 நாள். சான்றிட்ட நகலுக்கு மனுப் போட்டு அது கைக்கு வரும் வரை ஆகும் நாட்களைக் கழித்துக்கொள்ளலாம். 90-ஐத் தாண்டினால் தகுந்த காரணம் காட்ட வேண்டும். 180 நாளுக்குப் பிறகு எடுக்கவே முடியாது என்ற வரியை அலகாபாத் உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 2018-இல் செல்லாது என்றது. ஆனால் அதை நம்பிக்கொண்டு சும்மா இருக்காதீர்கள். நகல் மனுவை இன்னும் போடவில்லை என்றால் நாளைக்கே போடுங்கள்.

இப்போது கடினமான பகுதி. விடுதலைத் தீர்ப்பை மேல்முறையீட்டில் புரட்டுவது எளிதல்ல. குற்றம் சாட்டப்பட்டவர் நிரபராதி என்ற அனுமானம் எல்லோருக்கும் உண்டு. விடுதலை கிடைத்தபின் அது இன்னும் பலமாகிறது. ஒரே சாட்சியத்திலிருந்து இரண்டு முடிவுக்கு வர முடியும், கீழ் நீதிமன்றம் அதில் ஒன்றுக்கு வந்திருக்கிறது என்றால், மற்றொன்று தனக்குப் பிடித்திருக்கிறது என்பதற்காக உயர் நீதிமன்றம் கைவைக்கக் கூடாது. 2007-இல் கர்நாடக வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் இதை வரிசைப்படுத்திச் சொன்னது. இன்றைக்கும் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் எழுந்தவுடன் முதலில் படிப்பது அதைத்தான். 2015-இல் திருச்செங்கோடு கோயிலிலிருந்து கடத்திக் கொல்லப்பட்ட பொறியியல் பட்டதாரி வழக்கையே எடுத்துக்கொள்ளுங்கள். உயர் நீதிமன்ற நீதிபதிகள் இருவர் கோயிலுக்கே நேரில் போய் இடத்தைப் பார்த்தார்கள். 2023 ஜூனில் முக்கியக் குற்றவாளிகளின் ஆயுள் தண்டனையை உறுதி செய்தார்கள். அத்தனை உழைப்புக்குப் பிறகும், கீழ் நீதிமன்றம் விடுவித்த ஐந்து பேரின் விடுதலையை எதிர்த்துத் தாயார் போட்ட மேல்முறையீடு தள்ளுபடிதான் ஆனது.

அதனால் தீர்ப்பைக் கையில் வாங்கியதும் ஒன்றை மட்டும் பிரித்துப் பாருங்கள்: நீதிபதி சாட்சியை நம்பவில்லையா, அல்லது நம்பிவிட்டுச் சட்டத்தைத் தவறாகப் பொருத்தியிருக்கிறாரா? முதல் வகை என்றால் மேல்முறையீடு மேட்டில் வண்டி இழுக்கிற கதை. இரண்டாவது வகை என்றால் உண்மையான வாய்ப்பு இருக்கிறது. நீங்கள் சொன்ன விவரத்தை வைத்துப் பார்த்தால் உங்களுடையதில் இரண்டாவது வகைத் தவறு ஒன்றாவது இருக்கலாம் என்று படுகிறது. அது 3(2)(வி.ஏ).

இந்தப் பிரிவைப் பலர் கவனிப்பதே இல்லை, சில நேரம் அரசு வழக்கறிஞர்கள் உட்பட. சட்டத்தின் பின்னால் ஓர் அட்டவணை இருக்கிறது; அதில் இந்திய தண்டனைச் சட்டத்தின் 323, 324, 341, 506 போன்ற சாதாரணக் குற்றங்கள் பட்டியலிடப்பட்டிருக்கின்றன. பட்டியல் சாதியைச் சேர்ந்தவர் என்று தெரிந்தே ஒருவர் மீது அந்தக் குற்றத்தைச் செய்தால், அது வன்கொடுமைச் சட்டத்தின் கீழும் குற்றம் ஆகிறது. பொதுமக்கள் பார்வையில் நடந்திருக்க வேண்டும் என்ற நிபந்தனை இதில் இல்லை. சாதிப் பெயரை உச்சரித்திருக்க வேண்டும் என்ற நிபந்தனையும் இல்லை. "தெரிந்தே" என்பதை எப்படி நிரூபிப்பது? அதற்கும் 2016 திருத்தம் வழி செய்திருக்கிறது. 8(சி) பிரிவுப்படி, குற்றம் சாட்டப்பட்டவருக்குப் பாதிக்கப்பட்டவரையோ அவர் குடும்பத்தையோ நேரில் தெரியும் என்றால், சாதியும் தெரியும் என்றே நீதிமன்றம் எடுத்துக்கொள்ள வேண்டும். தெரியாது என்று நிரூபிப்பது அவர் பாடு. தலைமுறையாகப் பக்கத்து நிலத்தில் இருக்கிறவர், ஒரே வாய்க்காலில் தண்ணீர் பாய்ச்சுகிறவர், "இவர் என்ன சாதி என்று எனக்குத் தெரியாது" என்று சொல்ல முடியுமா?

ஆக, அடித்தது நிரூபணம் என்று நீதிபதியே எழுதியபிறகு, 3(2)(வி.ஏ)-இலிருந்து ஏன் விடுதலை என்று தீர்ப்பில் ஒரு காரணம் இருக்க வேண்டும். "சாதி சொல்லித் திட்டியது நிரூபணமாகவில்லை, ஆகவே வன்கொடுமைச் சட்டத்தின் எல்லாப் பிரிவுகளிலிருந்தும் விடுதலை" என்று ஒரே மூச்சில் முடித்திருந்தால், அதுதான் உங்கள் மேல்முறையீட்டின் முதல் காரணம். அதே நேரம் ஒன்றை மறைக்காமல் சொல்கிறேன். அடித்தது சாதிக்காகவா, வரப்புக்காகவா என்று கேட்டு, வரப்புக்காகத்தான் என்றால் சட்டம் பொருந்தாது என்று முடிவெடுக்கும் நீதிபதிகள் உண்டு. பழைய 3(2)(வி)-இல் சாதியின் காரணமாகச் செய்திருக்க வேண்டும் என்ற வாசகம் இருந்தது. அந்தப் பழக்கம் போகவில்லை. இந்த வாசகம் திருத்தத்தில் "தெரிந்தே" என்று மாறியதால் நிரூபிக்க வேண்டிய பாரம் குறைந்திருக்கிறது என்பதை 2021 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் ஆந்திர வழக்கு ஒன்றில் குறிப்பிட்டது. உங்கள் சம்பவம் 2019 என்பதால் திருத்தப்பட்ட சட்டம்தான் பொருந்தும். என் பார்வையில் உங்கள் பக்கம் வாதம் பலமானது, அவ்வளவு சொல்லலாம்.

சரி, திட்டிய குற்றத்துக்கு வருவோம். 3(1)(ஆர்) வேண்டுமென்றே அவமதித்தல், 3(1)(எஸ்) சாதிப் பெயர் சொல்லித் திட்டுதல். இரண்டுக்கும் "பொதுமக்கள் பார்வைக்கு உட்பட்ட இடம்" என்ற நிபந்தனை உண்டு. இங்கேதான் பாதி வழக்குகள் சாகின்றன. 2008-இல் உச்ச நீதிமன்றம் பொது இடம் வேறு, பொதுமக்கள் பார்வைக்கு உட்பட்ட இடம் வேறு என்று பிரித்தது. தனியார் வீட்டு வாசலாக இருந்தாலும் தெருவிலிருந்து பார்க்க முடிந்தால் போதும். 2020 நவம்பரில் உத்தராகண்ட் வழக்கில், நான்கு சுவருக்குள், வெளியார் யாரும் இல்லாத இடத்தில் நடந்தால் பொருந்தாது என்றது. 2025 ஜனவரியில் நம் லால்குடிப் பக்கத்து வழக்கு ஒன்றில், அரசு அலுவலக அறைக்குள் நடந்தது, சக ஊழியர்கள் பிறகுதான் வந்தார்கள் என்று சொல்லி வழக்கையே ரத்து செய்தது. உங்கள் சம்பவம் திறந்த வயலில் நடந்திருக்கிறது. இடம் பிரச்சினை இல்லை. அந்த நேரத்தில் அங்கே யார் இருந்தார்கள் என்பதுதான் கேள்வி. உங்கள் அம்மாவும் சித்தப்பாவும் மட்டுமா, அல்லது நடவுக்கு வந்த வேறு ஆட்களும் இருந்தார்களா? உறவினர் என்பதாலேயே சாட்சியைத் தள்ள முடியாது. ஆனால் "பொதுமக்கள்" என்ற சொல்லுக்குள் குடும்பத்தாரை நீதிமன்றங்கள் பொதுவாகச் சேர்ப்பதில்லை. வெளியாள் ஒருவராவது சாட்சிக்கூண்டில் நின்று "நானும் கேட்டேன்" என்று சொல்லியிருக்கிறாரா என்று பாருங்கள். அவர் பிறழ் சாட்சியாக (தரப்பு மாறிப் பேசியவராக) மாறியிருந்தால்கூட, கூண்டில் அரசு வழக்கறிஞரின் முதல் விசாரணையில் "நான் அங்கே வேலை செய்துகொண்டிருந்தேன்" என்ற அளவுக்காவது சொல்லியிருந்தால் அந்த வரி உதவும்.

அடுத்தது அந்த வார்த்தை. இது சங்கடமான விஷயம், ஆனாலும் சொல்ல வேண்டும். அ.சா.1-ஆக, அதாவது அரசுத் தரப்பின் முதல் சாட்சியாக, கூண்டில் ஏறும் மனிதர், தன்னைத் திட்டிய வார்த்தையைத் திருப்பிச் சொல்லக் கூசுகிறார். நீதிமன்றம் நிறைய ஆட்கள், எதிரே அதே ஆள். "சாதியைச் சொல்லிக் கேவலமாப் பேசினாருங்க" என்று தலையைக் குனிந்துகொண்டு சொல்கிறார். தட்டச்சில் "சாதியைச் சொல்லி இழிவாகப் பேசினார்" என்று ஏறிவிடுகிறது. அரசு வழக்கறிஞர் "என்ன வார்த்தை சொன்னார்" என்று அடுத்த கேள்வி கேட்டிருந்தால் முடிந்திருக்கும். கேட்காமல் விட்டால், மேல்முறையீட்டில் எதிர்த்தரப்பு இதைத்தான் பிடித்துக்கொள்ளும்: எந்த வார்த்தை என்றே சாட்சியத்தில் இல்லை, எதை வைத்துத் தண்டிப்பது என்று. முதல் தகவல் அறிக்கையில் வார்த்தை இருக்கிறது என்பது மட்டும் போதாது. புகார் தனியாக நிற்கும் சாட்சியம் அல்ல. கூண்டில் சொன்னதை ஆதரிக்க மட்டுமே பயன்படும். ஆகவே உங்கள் அப்பாவின் வாக்குமூலத்தை வரிவரியாகப் படியுங்கள். வார்த்தை அப்படியே பதிவாகியிருந்தால் உங்கள் கை ஓங்குகிறது.

இதோடு சேர்த்து எதிர்த்தரப்பு இன்னொன்று சொல்லும்: ஆஸ்பத்திரி விபத்துப் பதிவேட்டில் "தெரிந்த நபர் ஒருவர் கையால் தாக்கியதாக" என்று மட்டும் இருக்கிறது, சாதி பற்றி ஒரு சொல்லும் இல்லை, எல்லாம் பிறகு சேர்த்தது என்று. இதற்குப் பெரிதாகக் கவலைப்பட வேண்டாம். காயம் எப்படி ஏற்பட்டது என்று எழுதுவதுதான் டாக்டர் வேலை. இந்த வாதத்தை உயர் நீதிமன்றத்தில் பெரும்பாலும் ஒதுக்கிவிடுவார்கள். புகார் கொடுக்கத் தாமதமாகியிருந்தால் மட்டும், அதற்கான காரணம் சாட்சியத்தில் எங்காவது வந்திருக்கிறதா என்று தேடுங்கள்.

சாதிச் சான்றிதழ் விஷயத்தில் பலர் ஏமாந்துபோகிறார்கள். அப்பாவின் சான்றிதழ் மட்டும் போதாது. குற்றம் சாட்டப்பட்டவர் பட்டியல் சாதியையோ பழங்குடியையோ சேர்ந்தவர் அல்ல என்பதும் நிரூபணமாக வேண்டும். வழக்கமாக வட்டாட்சியரைச் சாட்சியாக விசாரித்து இரண்டு சான்றிதழையும் ஆவணமாகக் குறியிடுவார்கள். எதிரியின் சான்றிதழை வாங்க விசாரணை அதிகாரி மறந்திருந்தால், அந்த ஒரே காரணத்துக்காக விடுதலை ஆன வழக்குகள் உண்டு. அப்படி ஆகியிருந்தால், கூடுதல் சாட்சியம் எடுக்கும்படி உயர் நீதிமன்றத்தில் மனுப் போடலாம். அதற்கு அதிகாரம் சட்டத்தில் இருக்கிறது. ஆனால் அரசுத் தரப்பு விட்ட ஓட்டையை அடைக்கத்தான் இது என்று நீதிபதி நினைத்தால் மறுத்துவிடுவார். இது அந்த அமர்வின் மனப்போக்கைப் பொறுத்தது. அதேபோல டி.எஸ்.பி. அந்தஸ்துக்குக் குறையாதவர் விசாரித்தாரா என்பதையும் பாருங்கள். 1995-ஆம் வருட விதிகளின் 7-ஆம் விதி அதைச் சொல்கிறது. இன்ஸ்பெக்டர் விசாரித்துவிட்டு டி.எஸ்.பி. கையெழுத்து மட்டும் போட்டிருந்தால் வன்கொடுமைப் பிரிவுகள் ஆட்டம் காணும். அப்போதும் 323 போன்ற பிரிவுகள் நிற்கும்.

எதிரி போட்டிருக்கும் மேல்முறையீட்டைச் சும்மா விட்டுவிடாதீர்கள். அதில் 323-உம் போய்விட்டால் உங்கள் 3(2)(வி.ஏ) வாதத்துக்குக் காலூன்ற இடமே இருக்காது. 15ஏ பிரிவின்படி பாதிக்கப்பட்டவருக்கு நீதிமன்ற நடவடிக்கை பற்றி முன்தகவல் தர வேண்டும், அவர் பேசவும் உரிமை உண்டு. ஜாமீன், விடுவிப்பு, தண்டனை என்று எந்தக் கட்டத்திலும். இது சம்பிரதாயம் அல்ல, கட்டாயம் என்று 2021-இல் ராஜஸ்தான் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லி, தகவல் தராமல் கொடுத்த ஜாமீனை ரத்து செய்தது. எதிரியின் மேல்முறையீட்டு எண்ணைக் கண்டுபிடித்து, அதிலும் உங்கள் வழக்கறிஞரை வக்காலத்துப் போடச் சொல்லி, இரண்டையும் சேர்த்து விசாரிக்கக் கேளுங்கள். தனித்தனியாக ஓடினால் ஒன்றில் வரும் முடிவு மற்றதைக் கவிழ்த்துவிடும்.

தண்டனை போதாது என்பதைப் பற்றி. 323-க்கு வெறும் ஆயிரம் ரூபாயா என்ற கோபம் நியாயமானது. ஆனால் தண்டனையை உயர்த்தக் கோரி 372-இன் கீழ் பாதிக்கப்பட்டவர் மேல்முறையீடு செய்ய முடியாது என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அது அரசின் வேலை. 14ஏ-இல் "தண்டனை" என்ற சொல்லும் இருப்பதால் அந்த வழியில் வாதிடலாம் என்பவர்கள் இருக்கிறார்கள். எனக்கு அதில் முழு நம்பிக்கை இல்லை. 3(1)(எஸ்) நிரூபணமானால் குறைந்தபட்சம் ஆறு மாதம், அதிகபட்சம் ஐந்து வருடம், 3(2)(வி.ஏ) மட்டும் என்றால் தண்டனை 323-க்கு உள்ள அளவுதான், குறைந்தபட்சம் என்று ஒன்றும் கிடையாது. அப்புறம் அதனால் என்ன லாபம் என்று கேட்பீர்கள். வன்கொடுமைச் சட்டத்தின் கீழ் குற்றவாளி என்ற தீர்ப்பு வரும். அதில் தண்டனை பெற்றவருக்கு நன்னடத்தைச் சட்டத்தின் சலுகை (சிறைக்குப் பதிலாக நன்னடத்தை உறுதியின் பேரில் விடுவது) கிடையாது என்று 19-ஆம் பிரிவு சொல்கிறது. திட்டிய குற்றத்துக்கான நிவாரணத் தொகை ஒரு லட்சத்தில் 25 சதவீதம் முதல் தகவல் அறிக்கையின்போதும், 50 குற்றப்பத்திரிகையின்போதும் வந்திருக்க வேண்டும். மீதி 25 தண்டனை கிடைத்தபின். முதல் இரண்டும் வந்ததா என்று ஆதிதிராவிடர் நலத் துறையில் விசாரியுங்கள். பலருக்கு அதுவே முழுதாக வருவதில்லை.

காலம் பற்றி ஆசை வளர்த்துக்கொள்ளாதீர்கள். கூடியவரை மூன்று மாதத்தில் முடிக்க வேண்டும் என்று 14ஏ சொல்கிறது. நடைமுறையில் வருடக்கணக்கு ஆகும். வாச்சாத்தி வழக்கில் 2011 செப்டம்பரில் தருமபுரி நீதிமன்றம் உயிரோடிருந்த 215 பேரையும் குற்றவாளிகள் என்றது. அவர்களின் மேல்முறையீடுகளை உயர் நீதிமன்றம் தள்ளுபடி செய்தது 2023 செப்டம்பரில். நடுவில் நீதிபதி மலைக்கிராமத்துக்கே போய்ப் பார்த்தார் என்பது உண்மைதான். உங்கள் அப்பாவின் வரப்பைப் பார்க்க யாரும் வர மாட்டார்கள். காகிதத்தில் என்ன இருக்கிறதோ அதுதான் வழக்கு. தேதி கிடைக்க வேண்டுமென்றால், முன்கூட்டியே விசாரிக்கக் கோரி அப்பாவின் வயதையும் உடல்நிலையையும் சொல்லி மனுப் போடச் சொல்லுங்கள்.

பணம் இல்லை என்பதற்காக விடாதீர்கள். பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு. 1987-ஆம் வருடச் சட்டம் அது. உயர் நீதிமன்றச் சட்டப் பணிக் குழுவில், மதுரைக் கிளையிலும் இருக்கிறது, சாதிச் சான்றிதழ் நகலோடு மனுக் கொடுத்தால் வழக்கறிஞர் நியமிப்பார்கள். எல்லா வழக்கறிஞரும் ஒரே அக்கறையோடு நடத்துவார்கள் என்று சொல்ல மாட்டேன். டைப்செட்டில், அதாவது உயர் நீதிமன்றத்துக்குத் தொகுத்துக் கொடுக்கும் வழக்கு ஆவணக் கட்டில், அ.சா.1-இன் குறுக்கு விசாரணை முழுதாக இருக்கிறதா, வட்டாட்சியர் சாட்சியம் விடுபடாமல் இருக்கிறதா என்று நீங்களே ஒருமுறை பாருங்கள்.

கடைசியாக, மேல்முறையீட்டுக்கு எண் கிடைத்ததும் ஊர்ப் பெரியவர்கள் மூலமாகச் சமாதானப் பேச்சு வரும். அநேகமாக வரப்பையும் சேர்த்தே பேசுவார்கள். தனிப்பட்ட தகராறின் தன்மை உள்ள வழக்குகளில், தண்டனைக்குப் பிறகுகூட, மனப்பூர்வமான சமரசத்தை ஏற்றுக்கொள்ளலாம் என்று 2021 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அதே தீர்ப்பு, வற்புறுத்தல் இல்லை என்று நீதிமன்றம் திருப்திப்பட வேண்டும் என்றும் சொல்கிறது. சமாதானத்துக்குப் போகலாமா வேண்டாமா என்பது உங்கள் அப்பா முடிவு செய்ய வேண்டியது, நானோ நீங்களோ அல்ல. ஆனால் வெள்ளைத் தாளிலோ முத்திரைத் தாளிலோ உங்கள் வழக்கறிஞர் பார்க்காமல் அவரைக் கையெழுத்துப் போட விடாதீர்கள். மிரட்டல் மாதிரி ஏதாவது வந்தால் தேதி, நேரம் போட்டு எழுதி, மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்குப் பதிவுத் தபாலில் அனுப்பி, ரசீதை வைத்துக்கொள்ளுங்கள். தீர்ப்பு நகலும் அப்பாவின் வாக்குமூலமும் கைக்கு வந்ததும், பெயர்களை அடித்துவிட்டு, 3(2)(வி.ஏ) பற்றி நீதிபதி எழுதிய பத்தியை மட்டும் அனுப்பினால், என்ன காரணம் எடுக்கலாம் என்று பார்த்துச் சொல்கிறேன்.